செயற்கைச் சுவாசமும் மரணத்தின் எல்லையும்

மரணம் எப்போது நிகழ்கிறது என்பது பற்றி மக்களுக்கு நெடுங்காலம் ஐயம் எழுந்ததில்லை. மூச்சு நின்று நாடி அடங்கினால் உயிர் பிரிந்தது என்பதே வைத்தியருக்கும் வீட்டாருக்கும் பொதுவான முடிவாக இருந்தது. இருபதாம் நூற்றாண்டின் இடைப்பகுதியில் தோன்றிய சில யந்திரங்கள் இத்தெளிவைக் குலைத்துவிட்டன. நின்றுபோகும் மூச்சை நாட்கணக்கிலும் வாரக்கணக்கிலும் நடத்திவைக்க இன்று இயலும். இதனால் உயிர் பிழைத்து வீடு திரும்பியோர் எண்ணற்றவர். ஆயினும், மீளும் வழியே இல்லாத நோயாளிக்கு இவ்வுதவியை எதுவரையில் அளிப்பது, அதனை நிறுத்துவதென யார் தீர்மானிப்பது, நோயாளியால் பேச இயலாதபோது யாருடைய சொல் செல்லும் என்னும் வினாக்களும் உடன் எழுந்துள்ளன. விஞ்ஞானம் மட்டும் இவற்றுக்கு விடை கூற இயலாது. விஞ்ஞானத்தின் துணையின்றியும் விடை காண இயலாது.

யந்திரம் வந்த வரலாறு

இளம்பிள்ளை வாதம் சுவாசத் தசைகளைத் தாக்கும்போது நோயாளி மூச்சு விட முடியாமல் இறப்பதுண்டு. இவர்களைக் காப்பதற்காக 1928-ஆம் ஆண்டில் அமெரிக்காவில் இரும்பு நுரையீரல் என்னும் கருவி பயனுக்கு வந்தது. கழுத்துவரை உடலை ஓர் உருளைக்குள் அடைத்து, அதனுள் காற்றழுத்தத்தைக் கூட்டிக் குறைத்து மார்பை விரியவும் சுருங்கவும் செய்வதே அதன் முறையாகும்.

1952-ஆம் ஆண்டில் டென்மார்க்கின் தலைநகரான கோபன்ஹேகனில் இந்நோய் கடுமையாகப் பரவியது. அங்கிருந்த ஆஸ்பத்திரியில் ஒரே ஓர் இரும்பு நுரையீரலும் வேறு சில எளிய கருவிகளுமே இருந்தன. அப்போது மயக்க மருந்து நிபுணரான பியோர்ன் இப்சன் புதிய வழியொன்றைக் காட்டினார். தொண்டையில் துளையிட்டு மூச்சுக் குழாயில் ஒரு குழலைச் செருகி, ரப்பர்ப் பை ஒன்றைக் கையால் அமுக்கிக் காற்றை நேராக நுரையீரலுக்குள் செலுத்தலாம் என்பதே அது. ஏறத்தாழ 1,500 மருத்துவ மாணவர்கள் இரவு பகலாக முறைவைத்து இப்பைகளை அமுக்கினர். சாவு விகிதம் பெருமளவு குறைந்தது. மாணவர்களின் கைகள் செய்த வேலையைப் பின்னர் யந்திரம் ஏற்றுக்கொண்டது. இன்றைய தீவிர சிகிச்சைப் பிரிவுகளும் இதிலிருந்தே வளர்ந்தன.

இருதயமும் மூளைத் தண்டும்

சுவாசத்துக்கும் இருதயத் துடிப்புக்கும் உள்ள வேற்றுமை ஒன்றை இங்கு அறிதல் வேண்டும். இருதயம் தன் துடிப்பைத் தானே எழுப்பிக்கொள்ளும் ஆற்றல் உடையது. பிராணவாயு கலந்த இரத்தம் கிடைக்கும்வரை மூளையின் கட்டளை இன்றியும் அது துடிக்கும். சுவாசமோ அத்தகையதன்று. மூளையின் அடியில், தண்டுவடத்தோடு இணையும் மூளைத் தண்டு என்னும் பகுதியிலிருந்து கட்டளை பிறந்தால்தான் மார்பு அசையும். எனவே மூளைத் தண்டு அழிந்தால் மூச்சு நிற்கும். மூச்சு நின்றால் சில நிமிடங்களில் இருதயமும் நிற்கும். இயற்கையில் இவை அடுத்தடுத்து நிகழ்ந்தமையால் ஒரே நிகழ்ச்சியாகத் தோன்றின. யந்திரம் இடையே புகுந்து மூச்சை நடத்தத் தொடங்கியதும், மூளை முற்றிலும் அழிந்த பின்னரும் இருதயம் துடித்துக்கொண்டிருக்கும் விந்தை நிலை தோன்றிற்று. 1959-இல் பிரெஞ்சு மருத்துவர் இருவர் இந்நிலையை முதன்முதலாக விவரித்தனர். 1968-இல் ஹார்வர்டு பல்கலைக்கழகக் குழு ஒன்று இதனை மரணமாகக் கொள்வதற்குரிய அளவைகளை வகுத்தது.

மூன்று வேறு நிலைகள்

பொதுமக்கள் ஒன்றெனக் கருதிக் குழம்பும் மூன்று நிலைகளைப் பிரித்துணர்தல் அவசியமாகும்.

முதலாவது, மூளைத் தண்டு மரணம். கண்ணில் ஒளி பாய்ச்சினால் பாவை சுருங்குகிறதா, விழியைத் தொட்டால் இமை மூடுகிறதா, காதில் குளிர்நீர் செலுத்தினால் விழி அசைகிறதா, தொண்டையைத் தூண்டினால் குமட்டலோ இருமலோ தோன்றுகிறதா, யந்திரத்தைச் சிறிது நேரம் விலக்கினால் தானே மூச்சு எழுகிறதா எனச் சோதிப்பர். மயக்க மருந்து, உடற்குளிர்ச்சி போன்ற மாறக்கூடிய காரணங்கள் இல்லை என்பதை முன்னரே உறுதி செய்வர். இந்தியாவில் 1994-ஆம் ஆண்டின் மனித உறுப்பு மாற்றுச் சட்டம் இந்நிலையை மரணம் என ஏற்றது. மருத்துவர் நால்வர் கொண்ட குழு சான்று அளிக்க வேண்டும். சோதனைகள் குறைந்தது ஆறு மணி நேர இடைவெளியில் இருமுறை செய்யப்பட வேண்டும்.

இரண்டாவது, தாவர நிலை எனப்படும் உணர்வற்ற விழிப்பு நிலை. இதில் மூளைத் தண்டு வேலை செய்கிறது. பெருமூளையே பெரிதும் கெட்டுள்ளது. நோயாளி தானே மூச்சு விடுவார், கண் திறப்பார், உறங்கி விழிப்பார். ஆனால் தம்மையும் பிறரையும் அறிவதற்கான அடையாளம் எதுவும் காணப்படாது. இவர் இறந்தவர் அல்லர். உணவும் பராமரிப்பும் கிடைப்பின் பல ஆண்டுகள் வாழக்கூடும்.

மூன்றாவது, தீராத நோயின் இறுதி நிலை. நோயாளி உணர்வோடு பேசக்கூடியவராகவே இருக்கலாம். ஆனால் எச்சிகிச்சையும் நோயின் போக்கை மாற்ற வல்லதன்று. இங்கு யந்திரம் நீட்டிப்பது மரணத்துக்குச் செல்லும் வழியையே எனலாம்.

செய்தலும் செய்யாதிருத்தலும்

நஞ்சோ மருந்தோ செலுத்தி ஒருவரின் உயிரைப் போக்குவது வேறு. பயன் தராத சிகிச்சையை நிறுத்தி, நோயை அதன் இயற்கைப் போக்கில் விடுவது வேறு. முன்னதில் மரணத்துக்குக் காரணம் மருத்துவரின் செயல். பின்னதில் காரணம் நோயே. இந்தியச் சட்டம் முன்னதைக் குற்றமாகவே கருதுகிறது. பின்னதை வரையறைகளுக்கு உட்பட்டு அனுமதிக்கிறது.

யந்திரத்தைத் தொடங்காதிருப்பதற்கும், தொடங்கியதை நிறுத்துவதற்கும் வேற்றுமை உண்டோ எனில், மருத்துவ அற நூலோர் பலர் இல்லை என்பர். ஆயினும், உறவினர் உள்ளத்திலும் மருத்துவர் உள்ளத்திலும் நிறுத்துவது பெரும் பாரமாகவே தோன்றுகிறது. இரண்டும் ஒன்றே எனக் கொள்வதில் ஒரு நன்மையும் உண்டு. நிறுத்தவே கூடாது என்ற விதி இருப்பின், ஐயத்துக்கிடமான நோயாளிக்கு யந்திரத்தைத் தொடங்கிப் பார்க்கவே மருத்துவர் தயங்குவர். பிழைக்கக்கூடிய சிலர் அதனால் இறக்கவும் நேரிடும்.

இந்தியச் சட்டத்தின் வளர்ச்சி

1996-இல் உச்ச நீதி மன்றம், அரசியல் சட்டத்தின் 21-ஆம் விதி வழங்கும் வாழ்வுரிமையில் சாகும் உரிமை அடங்காது எனத் தீர்ப்பளித்தது. எனினும் வாழ்வின் இயற்கையான இறுதியில் கண்ணியத்தோடு இறத்தல் வாழ்வுரிமையின் கூறே என்றும் கூறியது.

மும்பை நகர ஆஸ்பத்திரி ஒன்றில் செவிலியராகப் பணியாற்றிய பெண்மணி ஒருவர் 1973-இல் கொடிய தாக்குதலுக்கு உள்ளாகி, மூளை கெட்டு, அவ்வாஸ்பத்திரியிலேயே படுக்கையில் கிடந்தார். அவருக்கு உணவு செலுத்துவதை நிறுத்த வேண்டும் எனப் பிறர் ஒருவர் தொடுத்த மனுவை 2011-இல் நீதி மன்றம் ஏற்கவில்லை. பல்லாண்டுகள் அவரைப் பேணிவந்த ஆஸ்பத்திரி ஊழியர்கள் அவர் வாழ வேண்டுமென்றே விரும்பினர். அவர்களுடைய கருத்துக்கு நீதி மன்றம் மதிப்பளித்தது. ஆனால் உயர் நீதி மன்றத்தின் ஒப்புதலோடு உயிர்காப்புச் சிகிச்சையை நிறுத்தலாம் என்னும் பொது விதியை அத்தீர்ப்பே முதன்முதலில் வகுத்தது. அப்பெண்மணி 2015-இல் நிமோனியாவினால் காலமானார். சிகிச்சையை நிறுத்தும் வழி ஒருபுறமும், அன்போடு பேணும் கடமை மறுபுறமும் ஒரே வழக்கில் நிலைபெற்றமை குறிப்பிடத்தக்கது.

2018 மார்ச் 9 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு, கண்ணியத்தோடு இறத்தல் அடிப்படை உரிமையில் அடங்கும் என உறுதி செய்தது. ஒருவர் நல்ல நினைவோடு இருக்கும்போதே, பிற்காலத்தில் தமக்கு எச்சிகிச்சை வேண்டா என்பதை எழுதி வைக்கும் முன்விருப்ப ஆவணத்துக்கும் ஏற்பளித்தது. ஆனால் அதில் மாஜிஸ்டிரேட்டு கையொப்பம் இட வேண்டும் என்பது போன்ற நிபந்தனைகளால் அம்முறை நடைமுறைக்கு அரிதாயிற்று. ஆகவே 2023 ஜனவரியில் அவை எளிமையாக்கப்பட்டன.

இன்றைய முறை

வயது வந்து தெளிந்த அறிவுடைய எவரும் இவ்வாவணத்தை எழுதலாம். இரண்டு சாட்சிகள் முன்னிலையில் கையொப்பமிட்டு, நோட்டரி அல்லது கெஜட்டட் அதிகாரி ஒருவரின் சான்றைப் பெற்றால் போதும். தாம் பேச இயலாதபோது தமக்காக முடிவு கூறவேண்டியவர்களின் பெயர்களை அதில் குறிக்க வேண்டும். எழுதியவர் விரும்பினால் எப்போதும் அதனை மாற்றலாம், ரத்தும் செய்யலாம்.

ஆவணம் இருந்தாலும் மருத்துவர் ஒருவரே தனித்து முடிவு செய்ய இயலாது. சிகிச்சை அளிக்கும் மருத்துவரும், குறைந்தது ஐந்தாண்டு அனுபவமுள்ள நிபுணர் இருவரும் அடங்கிய முதற்குழு நோயாளியை ஆராய வேண்டும். அதன்பின், மாவட்டத் தலைமை மருத்துவ அதிகாரி நியமிக்கும் மருத்துவர் ஒருவரும், முதற்குழுவில் இல்லாத நிபுணர் இருவரும் அடங்கிய இரண்டாம் குழு அதனைச் சரிபார்க்க வேண்டும். ஒவ்வொரு குழுவும் கூடியவரை 48 மணி நேரத்துக்குள் கருத்துரைக்க வேண்டும். முடிவைச் செயற்படுத்துமுன் மாஜிஸ்டிரேட்டுக்குத் தெரிவிக்கவும் வேண்டும். ஆவணம் எழுதாதவர் விஷயத்தில் உறவினரின் இசைவோடு இதே முறை பின்பற்றப்படும். குழுக்கள் மறுத்தால் உயர் நீதி மன்றத்தை நாடலாம்.

இவ்வளவு காவல்கள் எதற்கு என்னும் கேள்வி எழலாம். நோய்க் கணிப்பில் பிழை நேரலாம்; சொத்தின் மேல் கண் வைத்த உறவினர் அவசரப்படலாம்; செலவைத் தாங்க இயலாத குடும்பம் மனமின்றி இசையலாம். இவற்றுள் இறுதியானதே நம் நாட்டில் மிகுதியும் கருதத்தக்கது. மருத்துவர் ஆலோசனைக்கு மாறாக நோயாளியை வீட்டுக்கு அழைத்துச் செல்வதாக எழுதிக் கொடுத்துவிட்டுக் குடும்பங்கள் வெளியேறுவது ஆஸ்பத்திரிகளில் வழக்கமான காட்சியாகும். அவ்வாறு செல்லும் நோயாளிக்கு யந்திரமும் இல்லை. வலி தணிக்கும் மருந்தும் இல்லை. வறுமை எடுக்கும் முடிவை நோயாளியின் விருப்பம் எனக் கொள்வது அறமாகாது.

நோவு தணித்தல்

சிகிச்சையை நிறுத்துதல் என்பது பராமரிப்பை நிறுத்துதல் அன்று. வலி, மூச்சுத் திணறல், அச்சம் ஆகியவற்றைத் தணிக்கும் கடமை இறுதி மூச்சுவரை நிற்கிறது. இத்துறைக்கு 1967-இல் லண்டனில் தனி இல்லம் அமைத்து வழிகாட்டியவர் சிசிலி சாண்டர்ஸ் அம்மையார். இந்தியாவில் 1986-இல் மும்பையில் சாந்தி ஆவேத்னா இல்லமும், 1993-இல் கோழிக்கோட்டில் நோய்த்தணிப்புச் சங்கமும் தோன்றின. கேரள மாநிலம் 2008-இல் இதற்கெனத் தனிக் கொள்கையை வகுத்தது. அங்கு அயலார் பயிற்சி பெற்று, செவிலியரோடு வீடுதோறும் சென்று நோயாளிகளைக் கவனிக்கின்றனர்.

கடும் வலிக்கு முதன்மையான மருந்து மார்பின். இது அபினியிலிருந்து கிடைப்பது. மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான், உத்தரப் பிரதேசம் ஆகிய மாநிலங்களில் அரசாங்க உரிமத்தின்கீழ் அபினிச் செடி பயிராகிறது. அபினியைப் பக்குவப்படுத்தும் ஆலைகள் நீமச்சிலும் காஜிப்பூரிலும் உள்ளன. ஆயினும், 1985-ஆம் ஆண்டின் போதைப் பொருள் சட்டத்தின் கடுமையால் நம் நோயாளிகளுக்கே அம்மருந்து கிடைப்பது அரிதாயிற்று. 2014-இல் அச்சட்டம் திருத்தப்பட்டு, அங்கீகாரம் பெற்ற மருத்துவ நிலையங்கள் அதனைப் பெறும் முறை எளிதாக்கப்பட்டது. தகுந்த அளவில் படிப்படியாகக் கொடுக்கப்படும் மார்பின் உயிரைக் குறைக்கும் என்னும் அச்சத்துக்கு ஆதாரம் இல்லை. ஆனால் இவ்வச்சம் மருத்துவரிடையேயும் இன்னும் முற்றிலும் நீங்கவில்லை.

2024-இல் மத்திய சுகாதார அமைச்சகம் சிகிச்சை நிறுத்தம் பற்றிய வரைவு நெறிமுறைகளைப் பொதுமக்களின் கருத்துக்காக வெளியிட்டது. நெறிமுறைகள் எவ்வளவு செம்மையாக அமைந்தாலும், மூச்சு திணறும் நேரத்தில் நோயாளியின் விருப்பத்தைக் கேட்டறிய இயலாது. ஆகவே உடல் நலத்தோடு இருக்கும்போதே குடும்பத்தாரும் குடும்ப மருத்துவரும் இதனைப் பேசித் தெளிந்து, எழுதியும் வைத்தல் நலம். அவ்வெழுத்து இல்லாதபோது முடிவெடுக்கும் சுமை முழுவதும் துயரத்தில் ஆழ்ந்த மனைவி மக்கள்மீதே விழுகிறது.