தீப நெய்யும் ஊர்ப் பால் சங்கமும்

திருவண்ணாமலையில் 2668 அடி உயர மலையுச்சியில் ஏற்றும் மகா தீபத்துக்கு ஏறத்தாழ 3500 கிலோ நெய் வேண்டும். அண்மை ஆண்டுகளில் கோயில் அதை ஆவினிடம் வாங்கியிருக்கிறது. ஆவின் என்பது கறவை மாடு வளர்ப்போரின் கூட்டுறவு. விடியற்காலையில் ஊர்ச் சங்கத்தில் பால் ஊற்றுவார்கள். கொழுப்பும் இதர சத்தும் பார்த்து விலை போடுவார்கள். சங்கத் தேர்தலில் ஒரு மாடு வைத்திருப்பவருக்கும் ஒரு ஓட்டு, பத்து மாடு வைத்திருப்பவருக்கும் அதே ஒரு ஓட்டு. எவ்வளவு பெரிய நியாயம் இது! சங்கங்கள் சேர்ந்து மாவட்ட ஒன்றியம். ஒன்றியங்கள் சேர்ந்து 1981 முதல் மாநில இணையம். அதற்கும் மேலே, குஜராத்தின் ஆனந்த் நகரில் தேசிய இணையம். திருவண்ணாமலை மாவட்டத்தின் செங்கத்திலோ போளூரிலோ புதிதாகக் கறவை மாடு வாங்கியவர்கள், உறுப்பினராகச் சேர ஊர்ச் சங்கச் செயலாளரைப் பார்க்கலாம்.