உழிதரல்: ஒரு சொல்லாராய்ச்சி

திருவாய்மொழி ஐந்தாம் பத்து இரண்டாம் திருவாய்மொழியின் முதற்பாசுரத்தில், எம்பெருமானடியார் இவ்வுலகில் இசையும் ஆட்டமுமாய் உலவுதலை நம்மாழ்வார் ‘உழிதர’ என்று அருளிச்செய்கிறார். சஞ்சரிக்க என்பது பொருள்.

இது உழி, தரு என்னும் இரண்டன் சேர்க்கை. இவ்வுழி, இடப்பொருளில் வரும் வேற்றுமையுருபன்று. சுழலுதல், அலைதல் என்னும் பொருளுடைய ‘உழல்’ என்பதற்கு இனமானது. ‘தரு’ ஈண்டுக் கொடையைக் குறியாது, ‘திரிதரு’, ‘போதரு’ என்பவற்றிற்போலத் துணைவினையாய் நின்றது.

உழலுதல் என்றவுடன் பிறவித்துயரில் அலைதலே நினைவுக்கு வரும். ஆதலின் உழிதரலையும் வறிதே அலைதல் எனக் கொள்ளின் பாசுரத்தின் உயிர் கெடும். இவ்வடியார்க்குத் தம்பொருட்டு அலையவேண்டுவது ஒன்றுமில்லை. அவர்தம் சஞ்சாரத்தால் கலி கெடும் என்பதன்றோ ஆழ்வார் திருவுள்ளம்!

இவ்வகைச் சஞ்சாரத்திலே நெஞ்சு பறிகொடுத்தார் ஓர் அரசரும் உண்டு. பெருமாள் திருமொழி இரண்டாந் திருமொழியில், அரங்கனுக்காக ஆடிப் பாடித் திரியும் தொண்டரிடம் மயங்கிய குலசேகராழ்வார், அதன் முடிவில் தம்மைக் கொல்லிக்குக் காவலன் என்கிறார். கொல்லிமலை சேரர்க்கு உரியதாயிருந்தமை சங்கநூல்களால் விளங்கும். அவர் ஆண்ட சொல் ‘திரிந்து’ என்பது. சொல் வேறாயினும் பொருள் ஒன்றே. மலைகாக்கும் மன்னர், ஓரிடத்தும் தங்காத அடியார்க்கு அடிமையாதலையே பேறாக எண்ணினார்.