நாக்குக்குத் தெரியாததைக் காட்டும் பயணம்: இத்தாலி ஒயின் சுற்றுலாவில் ஒரு நாள் முழுக்க என்னதான் நடக்கிறது?

ஜெர்மனியில் வேலை பார்க்கும் தம்பியையோ, நெதர்லாந்தில் படிக்கும் மகளையோ பார்க்கப் போவது பண்ருட்டி, திருவதிகைக் குடும்பங்களுக்கு இன்று அதிசயமில்லை. போன கையோடு இத்தாலியையும் எட்டிப் பார்த்துவிட நினைத்து ஃப்ளோரன்ஸில் இறங்கினால், செல்போன் முதலில் நீட்டும் விளம்பரம் இதுவாகத்தான் இருக்கும்: கியாந்தி ஒயின் டேஸ்டிங், ஒரு நாள், வழிகாட்டியுடன்.

குடிப்பதற்கு எதற்குங்க வழிகாட்டி? நியாயமான கேள்வி. டாஸ்மாக் வாசலை மட்டுமே பார்த்துப் பழகிய ஊரில் இந்தக் கேள்வி வராவிட்டால்தான் ஆச்சரியம். ஆனால் அந்த ஒரு நாளில் குடிப்பது கொஞ்சம்தான். பெரும்பகுதி நேரம் மண்ணையும் கொடியையும் பீப்பாயையும் காட்டுவதிலேயே போகும். இதையெல்லாம் காட்டக் கற்றுக்கொள்வதற்கு முன்னால் இத்தாலி ஒரு பெரிய அடி வாங்கியிருக்கிறது.

காலையில் கிளம்பினால்...

ஃப்ளோரன்ஸுக்கும் சியனாவுக்கும் நடுவில் இருக்கும் மலைப்பகுதிதான் கியாந்தி. காலை ஒன்பது மணி வாக்கில் ஒரு வேன் அல்லது சின்ன பஸ்ஸில் ஏற்றிக்கொள்வார்கள். சாலையின் இரண்டு பக்கமும் திராட்சை, ஆலிவ், நடுவே ஊசி போல நிற்கும் சைப்ரஸ் மரங்கள். கிரேவே என்ற சிறு ஊரின் சந்தைச் சதுக்கத்தில் ஒரு காபி. அதன்பின் இரண்டு அல்லது மூன்று தோட்டங்கள். மாலை ஐந்து, ஆறு மணிக்கு மறுபடி ஃப்ளோரன்ஸ்.

முதல் தோட்டத்தில் இறங்கியதும் கோப்பையைத் தரமாட்டார்கள். கொடி வரிசைக்குள் கூட்டிக்கொண்டு போய் மண்ணைக் கையில் எடுத்துக் காட்டுவார்கள். உதிரி உதிரியாகத் தகடு போல உடையும் மண்ணுக்கு 'கலெஸ்ட்ரோ' என்று பெயர். வெளிறிய சுண்ணாம்புக் கல் 'அல்பெரேசே'. இங்கே பயிராகும் முக்கியத் திராட்சை சான்ஜியோவேசே. கியாந்தி கிளாசிகோ என்று லேபிளில் போட வேண்டுமானால், ஒயினில் குறைந்தது 80 சதவீதம் இந்தத் திராட்சை இருக்க வேண்டும் என்பது விதி. எல்லையும் இஷ்டத்துக்குப் போட்டதல்ல. 1716-லேயே டஸ்கனியை ஆண்ட மூன்றாம் கோசிமோ மெடிச்சி, இன்ன ஊரிலிருந்து இன்ன ஊர் வரைதான் கியாந்தி என்று ஆணை போட்டுவிட்டார்.

பண்ருட்டிக்காரர்களுக்கு இது புரியாத விஷயமல்ல. செம்மண் பலாவுக்கும் வேறு மண்ணில் வந்த பலாவுக்கும் என்ன வித்தியாசம் என்று மண்டிக்காரரைக் கேட்டால் போதும், அரை மணி நேரம் பேசுவார். கியாந்திக்காரர்கள் அதே பேச்சை எழுதி, சட்டமாக்கி, டிக்கெட் போட்டு விற்கிறார்கள்.

அடுத்தது நிலவறை. இங்கே வழிகாட்டி சொல்லும் ஒரு விஷயம் பலருக்குப் புதிதாக இருக்கும். சிவப்பு ஒயினின் நிறம் சாற்றிலிருந்து வருவதில்லை, தோலிலிருந்து வருகிறது. கம்பம் பன்னீர் திராட்சையை நசுக்கிப் பாருங்கள். தோல் கருநீலம், உள்ளே சதை வெளிர். தோலோடு சேர்த்து நொதிக்க விட்டால் சிவப்பு; தோலை முதலிலேயே பிரித்துவிட்டால் வெளிர் நிறம். நொதித்த பிறகு ஓக் மரப் பீப்பாயிலோ பெரிய தொட்டியிலோ முதிர வைப்பார்கள். சாதாரண கியாந்தி கிளாசிகோவுக்குக் குறைந்தது 12 மாதம், ரிசர்வாவுக்கு 24, கிரான் செலக்சியோனே என்ற மேல்தரத்துக்கு 30 மாதம்.

பிறகுதான் மேசை. கோப்பையில் அடியில் கொஞ்சம்தான் ஊற்றுவார்கள். வெள்ளைத் தாளுக்கு முன்னால் சாய்த்து நிறம் பார்ப்பது, சுழற்றுவது, முகர்வது, ஒரு வாய் எடுத்து நாக்கு முழுக்கப் படரவிடுவது. அதை விழுங்கியே ஆக வேண்டும் என்றில்லை. துப்புவதற்கென்றே மேசையில் ஒரு பாத்திரம் இருக்கும். ஒயினை மதிப்பிடுவதே தொழிலாக இருப்பவர்களும் துப்பத்தான் செய்கிறார்கள். விருந்தாளி வீட்டில் துப்புவதா என்று நம்மவர்கள் தயங்குவார்கள். அங்கே அது மரியாதைக் குறைவே இல்லை.

'டானின்' என்ற சொல் அடிக்கடி காதில் விழும். பயப்பட வேண்டாம், அது நம்ம துவர்ப்புதான். முந்திரிப் பழத்தைக் கடித்தால் நாக்கையும் தொண்டையையும் பிடிக்குமே, அதே பிடிப்பு. முந்திரித் தோப்பில் உப்புத் தொட்டுப் பழம் தின்று வளர்ந்தவர்களுக்கு இந்தப் பாடத்தில் பாதி ஏற்கெனவே தெரியும். கூடவே ஆட்டுப்பால் பாலாடைக்கட்டி, ஆலிவ் எண்ணெய், உப்பே போடாத டஸ்கனி ரொட்டி. உப்பில்லாத ரொட்டியைச் சாப்பிட்டதும் சமையல்காரர் மறந்துவிட்டார் என்று நினைக்கத் தோன்றும். அங்கே ரொட்டியே அப்படித்தான்.

கதவைத் திறந்தது எப்போது?

இதெல்லாம் காலங்காலமாக நடப்பது போலத் தோன்றும். உண்மையில், வழிப்போக்கர்களுக்காக நிலவறைக் கதவை வரிசையாகத் திறந்து வைக்கும் பழக்கம் இத்தாலியில் பரவியது 1990-களில்தான். 1993-இல் டஸ்கனியில் டொனாடெல்லா சினெல்லி கொலம்பினி என்ற ஒயின் தயாரிப்பாளர் 'கன்டீனே அபெர்த்தே' என்ற நாளைத் தொடங்கினார். 'திறந்த நிலவறைகள்' என்று அர்த்தம். ஆண்டுதோறும் மே மாதக் கடைசியில் நடக்கிறது.

அதற்கு ஏழு வருடம் முன்னால், 1986 மார்ச்சில், இத்தாலி ஒயினின் பெயர் சாக்கடைக்குப் போயிருந்தது. மலிவு ஒயினில் போதையின் அளவை ஏற்றிக் காட்டுவதற்காகச் சிலர் மெத்தனாலைக் கலந்தார்கள். 20-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள், பலருக்குப் பார்வை போனது. பக்கத்து நாடுகள் இத்தாலி ஒயினை எல்லையில் நிறுத்திச் சோதித்தன. கலப்படம் செய்தவர்கள் ஒரு சிலர். சந்தேகம் விழுந்தது எல்லாத் தோட்டத்தின் மேலும். சுற்றுலா பிறந்ததற்கு இது ஒன்றுதான் காரணம் என்று சொன்னால் மிகை. ஆனால் மலிவாக நிறைய விற்பதைவிட, நம்பும்படி விற்பதுதான் பிழைக்கும் வழி என்று இத்தாலியத் தோட்டக்காரர்களுக்குப் புரியவைத்ததில் அந்த வருடத்துக்குப் பெரிய பங்கு உண்டு.

இந்த இடத்தில் கடலூர் மாவட்டத்துக்காரர் யாருக்கும் கள்ளக்குறிச்சி ஞாபகம் வராமல் இருக்காது. பக்கத்து மாவட்டம். 2024 ஜூனில் கருணாபுரத்தில் பாக்கெட் சாராயம் குடித்து 60-க்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். அங்கேயும் மெத்தனால்தான். மெத்தனாலின் கொடூரமே இதுதான்: வாசனையிலும் ருசியிலும் சாதாரண ஆல்கஹாலிலிருந்து அதைப் பிரித்தறிய முடியாது. உடம்புக்குள் போய் ஃபார்மிக் அமிலமாக மாறிக் கண் நரம்பைத் தாக்கும்போதுதான் தெரியும். பயிற்சி பெற்ற நாக்கும் அங்கே தோற்றுப்போகும். காப்பாற்றக்கூடியது ஒன்றுதான்: இந்தத் திரவம் யார் கையிலிருந்து, எந்த வழியாக வந்தது என்ற தகவல். பிளாஸ்டிக் பாக்கெட்டில் அது இல்லை.

கியாந்தி பாட்டிலின் கழுத்தில் எண் போட்ட ஒரு சிறு துண்டுத்தாள் ஒட்டியிருக்கும். அரசு அச்சகத்தில் அச்சாவது. அந்தப் பாட்டில் எந்தப் பகுதியைச் சேர்ந்தது, தரப் பரிசோதனை தாண்டியதா என்பதற்கான சாட்சி அது. 1963-லேயே இதற்கான சட்டம் வந்துவிட்டது. 1984-இல் கியாந்திக்கு மிக உயர்ந்த தரப்பிரிவும் கிடைத்தது. இவ்வளவு இருந்தும் இரண்டே வருடத்தில் அதே நாட்டில் மெத்தனால் சாவுகள் நடந்தன. தாள் மட்டும் போதாது, கதவும் திறக்க வேண்டியிருந்தது.

திருவதிகையிலிருந்து 45 கிலோமீட்டரில் ஒரு இத்தாலி

சரக்கின் மேலேயே அதன் ஊரைச் சொல்லிவிடும் வழக்கத்துக்கு வயது 2,000-க்கு மேல். அதன் சாட்சியைப் பார்க்க விசா வேண்டாம். பண்ருட்டியிலிருந்து நெல்லிக்குப்பம், கடலூர், முள்ளோடை தாண்டி அரியாங்குப்பம் போனால், ஆற்றங்கரையில் அரிக்கமேடு.

1944-இல் இந்தியத் தொல்லியல் துறைத் தலைவராக வந்த மார்ட்டிமர் வீலர், சென்னை அருங்காட்சியகத்தில் ஒரு ஜாடி ஓட்டைப் பார்த்தார். மத்தியதரைக் கடல் நாடுகளில் ஒயினும் எண்ணெயும் ஏற்றுமதி செய்யும் 'ஆம்போரா' ஜாடியின் துண்டு அது. 1945-இல் அரிக்கமேட்டைத் தோண்டினார். கூடவே இத்தாலியின் அரெட்சோ ஊர்ப் பெயரால் அழைக்கப்படும் சிவப்புப் பளபளப்புப் பாத்திரங்களின் துண்டுகளும் கிடைத்தன. அரெட்சோ எங்கே இருக்கிறது? அதே டஸ்கனியில், கியாந்திக்குக் கிழக்கே. சில துண்டுகளின் அடியில் செய்தவரின் முத்திரையும் இருந்தது. இத்தாலியில் அந்தப் பாத்திரங்களின் காலம் தெரிந்திருந்ததால், அவற்றோடு கிடைத்த நம்மூர் மண்பாண்டங்களுக்கும் காலம் கணிக்க முடிந்தது. தென்னிந்தியத் தொல்லியலுக்கே அது ஒரு திருப்பம்.

1989 முதல் 1992 வரை விமலா பெக்லி தலைமையில் மறுபடி தோண்டினார்கள். ஜாடிகளை ஆராய்ந்தபோது வெளிவந்த கதைதான் சுவாரசியம். அந்தக் காலத்தில் கிரேக்கத் தீவான கோஸின் ஒயினுக்கு நல்ல பெயர். கடல்நீர் கலந்து செய்வது அதன் தனித்தன்மை. ஜாடிக்கு இரட்டைக் கம்பி போன்ற கைப்பிடி. அந்த வடிவமே லேபிள். இந்தப் பெயருக்கு ஆசைப்பட்ட இத்தாலியர்கள், கோஸ் ஒயினை வீட்டிலேயே செய்யும் முறையை எழுதி வைத்தார்கள். ரோமானிய எழுத்தாளர் கேட்டோவின் வேளாண்மை நூலில் அந்தச் செய்முறை இருக்கிறது. ஜாடியையும் அதே இரட்டைக் கைப்பிடியோடு இத்தாலியிலேயே செய்தார்கள். அதுவும் கப்பலேறி அரிக்கமேடு வந்தது.

இன்றைய பாஷையில் சொன்னால், முதல் காப்பி!

வடிவம் ஏமாற்றிவிட்டது, மண் ஏமாற்றவில்லை. நேபிள்ஸ் நகரைச் சுற்றியுள்ள காம்பானியா பகுதி ஜாடிகளின் களிமண்ணில் வெசுவியஸ் எரிமலையின் கரிய மணல் கலந்திருக்கும். உடைந்த ஓரத்தைப் பார்த்தே ஆய்வாளர்கள் ஊரைச் சொல்லிவிடுகிறார்கள். கொலு பொம்மைக்குக் களிமண் பிசையும் பண்ருட்டிக் கைகளுக்கு இந்த முறையை விளக்கவே வேண்டாம்.

குடித்தது யார்? இங்கே தங்கியிருந்த வெளிநாட்டு வணிகர்கள் குடித்திருக்கலாம். உள்ளூர்ப் பெரியவர்களுக்கும் போயிருக்கிறது. யவனர் கொண்டுவந்த மணமுள்ள தேறலைப் பாண்டிய மன்னன் பொற்கலத்தில் அருந்தட்டும் என்று நக்கீரர் வாழ்த்தும் பாட்டு, புறநானூற்றில் 56-ஆவதாக இருக்கிறது.

அரிக்கமேட்டுக்குப் போனால் இதில் ஒன்றும் கண்ணில் படாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். மரங்களுக்கு நடுவே பழைய செங்கல் சுவர் நிற்கும். ரோமானியச் சுவர் என்று நினைத்து செல்ஃபி எடுத்துவிடாதீர்கள். அது 18-ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுப் பாதிரியார்கள் கட்டியது. தோண்டிய குழிகளை மூடியாகிவிட்டது. எடுத்த பொருட்களில் ஒரு பகுதி புதுச்சேரி அருங்காட்சியகத்தில் இருக்கிறது. கியாந்தியில் ஒரு கைப்பிடி மண்ணை வைத்து அரை மணி நேரம் பேச ஆள் இருக்கிறார்கள். இங்கே இவ்வளவு கதையை வைத்துக்கொண்டு, அதைச் சொல்ல ஒரு ஆள் இல்லாமல் இடம் சும்மா கிடக்கிறது. முதலில் அருங்காட்சியகம் போய் ஜாடிகளைப் பார்த்துவிட்டுப் பிறகு மேட்டுக்கு வந்தால் கொஞ்சமாவது பிடிபடும்.

போகிறவர்கள் கவனத்துக்கு

இத்தாலிக்கு ஷெங்கன் விசா வேண்டும். பெரியவர்களுக்குக் கட்டணம் 90 யூரோ. தோட்டச் சுற்றுலாவுக்கு வாடகைக் கார் எடுக்கும் யோசனை வேண்டாம். இத்தாலியில் ஓட்டுநரின் ரத்தத்தில் அனுமதிக்கப்படும் ஆல்கஹால் லிட்டருக்கு 0.5 கிராம், உரிமம் வாங்கி மூன்று வருடம் ஆகாதவர்களுக்குச் சுத்தமாகப் பூஜ்யம். வேனில் போவதுதான் உத்தமம். குடிக்காதவர்களும் தாராளமாகப் போகலாம், புக் செய்யும்போதே சொல்லிவிடுங்கள். கொஞ்சமாகக் குடித்தால் உடம்புக்கு நல்லது என்று யாராவது சொன்னால் சிரித்துவிட்டு நகருங்கள். பாதுகாப்பான அளவு என்று எதுவும் இல்லை என்று உலக சுகாதார நிறுவனம் 2023-லேயே தெளிவாகச் சொல்லிவிட்டது.

செப்டம்பர், அக்டோபர் அறுவடைக் காலம். கொடியில் பழம் தொங்குவதைப் பார்க்கலாம், கூட்டமும் இருக்கும். ஜனவரியில் போனால் வெறும் குச்சிகள்தான். விளம்பரப் படத்தைப் பார்த்துவிட்டுக் குளிர்காலத்தில் புக் செய்பவர்கள் ஏமாறுவது இங்கேதான்.

இவ்வளவு தூரம் வேண்டாம் என்றால் நாசிக் இருக்கிறது. சுலா தோட்டத்தில் 2005-லேயே ஒயின் டேஸ்டிங் அறை திறந்துவிட்டார்கள். மண், நிலவறை, மேசை என்ற வரிசை அங்கேயும் ஏறக்குறைய இதேதான். நம்ம கம்பம் பள்ளத்தாக்கின் பன்னீர் திராட்சைக்கு 2023-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. அது பெரும்பாலும் பழமாகவே சந்தைக்குப் போகிறது.

இத்தாலியிலிருந்து திரும்பும்போது ஒருவர் 2 லிட்டர் வரை சுங்கவரி இல்லாமல் கொண்டு வரலாம். அதாவது 750 மில்லி பாட்டில் இரண்டு. மூன்றாவது கணக்கைத் தாண்டிவிடும். பில்லைப் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள். அரிக்கமேடு போய்விட்டுத் திரும்புகிறவர்களுக்கு இந்தச் சலுகை கிடையாது. முள்ளோடை தாண்டி வரும்போது வண்டியில் புதுச்சேரி பாட்டில் ஏதாவது இருந்தால், ஆல்பேட்டை சோதனைச் சாவடியில் பதில் சொல்ல வேண்டியிருக்கும்.