மணிக்கு விடை கொடுத்த நாள்!

மூட்டுவலிக்கு மருந்து வாங்க வந்த அந்த அம்மா, நாடி பார்ப்பதற்கு முன்பே கண் கலங்கிவிட்டார்.

"டாக்டர், எங்க டாமிக்கு 13 வயசு. ரெண்டு கிட்னியும் போயிடுச்சாம். ஊசி போட்டு வலியில்லாம அனுப்பிடலாம்னு வெட்னரி டாக்டர் சொல்றார். மனசு கேக்கலை. உங்க வைத்தியத்துல ஒரு கஷாயம் இல்லையா?"

"இல்லைம்மா" என்றேன். ஏன் தெரியுமா? அந்தத் தப்பை நானே செய்திருக்கிறேன்!

எங்கள் வீட்டு மணி 14 வருடம் வாழ்ந்தவன். அவனுக்கும் சிறுநீரகக் கோளாறுதான். வாயெல்லாம் புண், சோறு இறங்கவில்லை, படுத்த இடத்திலேயே மூத்திரம். 'இன்னும் நாலு நாள் பார்ப்போமே' என்று கஷாயத்தைப் புகட்டித் தள்ளிப்போட்டேன். 10 நாள் ஓடியது. அத்தனையும் எனக்காக அவன் பட்ட பாடு.

சரி, 'போதும்' என்று எப்படித் தெரிந்துகொள்வது?

ஒரு காலண்டரை எடுங்கள். செல்லம் சாப்பிட்டு, வாலாட்டி, உங்களைத் தேடி வந்த நாளுக்கு ஒரு டிக். முனகிக்கொண்டே கிடந்த நாளுக்கு ஒரு பெருக்கல் குறி. பெருக்கல் குறிகள் அதிகமானால், நேரம் நெருங்கிவிட்டது என்று அர்த்தம்.

ஆலிஸ் வில்லலோபோஸ் என்ற அமெரிக்கக் கால்நடை மருத்துவர் 2004-ல் ஓர் அளவுகோல் தந்தார். வலியில்லாமை, பசி, நீர்ச்சத்து, சுத்தம், சந்தோஷம், நடமாட்டம், நல்ல நாட்கள் ஆகிய ஏழுக்கும் பத்துக்கு இத்தனை என்று மார்க் போடவேண்டும். மொத்தம் 35-க்கு மேல் இருந்தால் பராமரிப்பைத் தொடரலாம். குறைந்தால் கால்நடை டாக்டரிடம் மனம்விட்டுப் பேசுங்கள். மூச்சுத் திணறினால் மட்டும் மார்க் போட்டுக்கொண்டிருக்காதீர்கள். உடனே தூக்கிக்கொண்டு ஓடுங்கள்!

ஊசியை நினைத்துப் பயம் வேண்டாம். பெரும்பாலும் முதலில் மயக்கம் தருவார்கள். பிறகு ரத்தக்குழாய் வழியே அளவு கூடிய மயக்க மருந்து. சில விநாடிகளில் நினைவு போய்விடும். அதன்பிறகே மூச்சும் இதயமும் நிற்கும். கண் திறந்தே இருக்கலாம், உடல் லேசாகத் துடிக்கலாம். அது வலியல்ல.

இன்னொன்று... வலி தீரட்டும் என்று வீட்டில் இருக்கும் பாரசிட்டமாலைக் கொடுத்துவிடாதீர்கள். பூனைக்கு அது விஷம். நாய்க்கு ஐபுபுரூஃபனும் ஆகாது.

குழந்தைகளிடம் 'தூங்கப் போயிடுச்சு' என்று சொல்லவேண்டாம். அப்புறம் அவர்கள் தூங்கவே பயப்படுவார்கள். செத்துப்போச்சு என்றே சொல்லி, சேர்ந்து அழுங்கள்.

கடைசியில் மணியின் தலை என் மடியில்தான் இருந்தது. 10 நாள் முன்பே அதைச் செய்திருக்கலாமே என்ற குறை இன்றும் உண்டு.

டாமி வீட்டு அம்மாவுக்கு மூட்டுவலித் தைலத்தோடு, என் மேஜையில் இருந்த காலண்டரையும் கொடுத்து அனுப்பினேன்.