குரலைக் கவனித்தால் கோபத்தைக் கவனிக்கலாம்

"நான் எங்கே கத்தினேன்? சாதாரணமாகத்தானே சொன்னேன்!"

இப்படிச் சொல்லாத பெற்றோர் நம்மில் மிகக் குறைவு. நானும் சொல்லியிருக்கிறேன். என் மகள் நான்காம் ஆண்டு படித்தபோது, ஓர் இரவு வகுத்தல் கணக்கோடு என்னிடம் வந்தாள். சாலை நெரிசலில் சிக்கி, அப்போதுதான் வீடு திரும்பியிருந்தேன். ஒரே தவற்றை மூன்றாவது முறையாகச் செய்தாள். நான் விளக்கம் சொன்னதாகத்தான் நினைத்தேன். அவளோ புத்தகத்தை மூடிக்கொண்டு எழுந்து போய்விட்டாள். அதன் பிறகு பல மாதங்கள், கணக்கில் சந்தேகம் வந்தால் அம்மாவிடம் மட்டுமே கேட்டாள். நான் சொன்ன சொற்களில் தவறு இல்லை. சொன்ன குரலில்தான் தவறு.

குரல் ஏன் உயர்கிறது?

கோபம் வரும்போது நம் உடல் ஒரு சண்டைக்குத் தயாராகிறது. அட்ரினலின் சுரக்கிறது. இதயம் வேகமாகத் துடிக்கிறது. மூச்சு ஆழமின்றி விரைவாக ஓடுகிறது. தொண்டைத் தசைகள் இறுகுகின்றன. சாதாரணப் பேச்சின்போது குரல்வளையில் உள்ள குரல்நாண்கள் ஆண்களுக்கு விநாடிக்கு நூற்றுச் சொச்சம் முறையும், பெண்களுக்குச் சுமார் 200 முறையும் அதிர்கின்றன. தசைகள் இறுகிக் காற்றின் அழுத்தமும் கூடும்போது, அந்த அதிர்வு வேகமெடுக்கிறது. குரல் உரத்தும் கூர்மையாகவும் வெளிப்படுகிறது. இதில் எதையும் நாம் யோசித்துச் செய்வதில்லை. ஆகவேதான், கத்துகிறவருக்குத் தாம் கத்துவது பல வேளைகளில் தெரிவதில்லை.

சுற்றுப்புறமும் இதற்கு ஒரு காரணம். இரைச்சல் மிகுந்த இடத்தில் மனிதர்கள் தம்மை அறியாமலேயே குரலை உயர்த்துகிறார்கள் என்பதைப் பிரெஞ்சு மருத்துவர் லோம்பார்ட் 1911ஆம் ஆண்டிலேயே எடுத்துக்காட்டினார். வரவேற்பறையில் தொலைக்காட்சி அலற, சமையலறையிலிருந்து பிள்ளையை அழைக்கும் தாயின் குரல், கோபமே இல்லாவிட்டாலும் கோபமாகத்தான் பிள்ளையின் காதில் விழும்.

அடக்குவது கட்டுப்பாடு ஆகாது

அப்படியானால் கோபத்தை உள்ளேயே விழுங்கிவிட வேண்டுமா? வேண்டாம். ஜேம்ஸ் கிராஸ், ராபர்ட் லெவன்சன் என்ற உளவியலாளர்கள் 1997ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வில், சோகமான காட்சியைப் பார்த்துக்கொண்டே உணர்ச்சியை வெளிக்காட்டாமல் மறைத்தவர்களுக்கு, அந்தச் சோகம் குறையவில்லை. மாறாக, இதயமும் இரத்த நாளங்களும் கூடுதல் அழுத்தத்திற்கு உள்ளாயின.

தொல்காப்பியர் மெய்ப்பாடுகள் எட்டினைச் சொல்லும்போது நகை, அழுகை, உவகை ஆகியவற்றோடு வெகுளியையும் சேர்த்தே சொன்னார். கோபம் மனித இயல்பு. அதை எந்தக் குரலில் வெளியிடுகிறோம் என்பதே நாம் பழகிக்கொள்ள வேண்டியது.

என்ன செய்யலாம்?

முதலாவது, உடல் தரும் எச்சரிக்கையைக் கவனியுங்கள். தாடை இறுகுவது, தோள் உயர்வது, பேச்சு வேகமாவது ஆகியவை குரல் வெடிப்பதற்கு முன் வரும் அறிகுறிகள்.

இரண்டாவது, பதில் சொல்லும் முன் ஒரு முறை மூச்சை நிதானமாக வெளியே விடுங்கள். மூச்சை இழுக்கும் நேரத்தைவிட வெளிவிடும் நேரம் நீளமாக இருக்கட்டும். மூச்சு வெளியேறும்போது இதயத் துடிப்பு சற்றுத் தணிகிறது.

மூன்றாவது, உணர்ச்சிக்குப் பெயர் சொல்லுங்கள். முகப் படங்களில் தெரியும் உணர்ச்சியைச் சொல்லால் குறிப்பிட்டபோது, மூளையில் அச்சம், ஆபத்து போன்றவற்றுக்கு விரைந்து எதிர்வினை காட்டும் அமிக்டலா பகுதியின் செயல்பாடு குறைந்ததை மேத்யூ லீபர்மன் குழுவினர் 2007ஆம் ஆண்டில் கண்டறிந்தனர். "அப்பாவுக்கு இன்றைக்கு ரொம்பக் களைப்பு, எரிச்சலாக இருக்கிறது. பத்து நிமிடம் கழித்துப் பார்ப்போமா?" என்று கேட்பதில் எந்தக் கௌரவக் குறைச்சலும் இல்லை.

நான்காவது, தொலைக்காட்சியை நிறுத்திவிட்டு, பிள்ளையின் அருகில் சென்று பேசுங்கள். தூரம் குறைந்தால் குரலும் குறையும்.

ஐந்தாவது, தவறி கத்திவிட்டால் மன்னிப்புக் கேளுங்கள். கத்துவதைப் பிள்ளைகள் நம்மிடமிருந்துதான் கற்கிறார்கள். கத்திய பிறகு உறவைச் சரிசெய்வதையும் நம்மிடமிருந்தே கற்கட்டும்.

நான் மன்னிப்புக் கேட்கச் சில மாதங்கள் தாமதித்தேன். "அன்றைக்கு அப்பா கத்தியது தப்பு" என்று சொன்னபோது, மகள் பதில் ஏதும் சொல்லவில்லை. ஒரு வாரம் கழித்துக் கணக்குப் புத்தகத்தோடு வந்தாள். நாற்காலியை மட்டும் சற்றுத் தள்ளிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். அந்த இடைவெளி மறையப் பிறகும் நாளானது.

அன்பர்களே, நாம் சொன்ன புத்திமதிகளைப் பிள்ளைகள் மறந்துவிடலாம். அவற்றைச் சொன்ன குரலை மறப்பது எளிதல்ல. இன்றிரவு வீட்டில் பேசும்போது, உங்கள் குரலை நீங்களே ஒரு முறை காது கொடுத்துக் கேளுங்கள்.