டொராண்டோவின் தள்ளாட்டமும் படச்சுருளின் வேகமும்: 1908 மராத்தான் காட்சியைச் சான்றாகக் கொள்ளுதல்

1908 சூலை 24 அன்று நடைபெற்ற ஒலிம்பிக் மராத்தானில், இலண்டன் ஒயிட் சிட்டி அரங்கினுள் முதலாவதாக நுழைந்தவர் இத்தாலியரான டொராண்டோ பியெத்ரி. விண்ட்சர் கோட்டையிலிருந்து ஓடிவந்த அவர் அரங்கினுள் திசை தவறினார், பலமுறை விழுந்தார். எஞ்சியிருந்த சுமார் 350 மீட்டரைக் கடக்கப் பத்து நிமிடங்கள் ஆயின. அலுவலர்கள் தூக்கி நிறுத்தியதால் அவர் தகுதி நீக்கம் செய்யப்பட்டார். அடுத்து வந்த அமெரிக்கர் ஜானி ஹேய்ஸ் வெற்றியாளராக அறிவிக்கப்பட்டார். தொழில்முறை சாராத வீரர்களுக்கெனவே நடத்தப்பட்ட இவ்வோட்டத்தின் துண்டுக் காட்சிகள் பாத்தே நிறுவனப் படச்சுருளில் எஞ்சியுள்ளன.

இக்காட்சியை இன்று காண்போருக்குச் சில வேளைகளில் சிரிப்பு வருகிறது. மயங்கி விழும் நிலையிலுள்ள ஒருவரின் நடை நகைப்பூட்டுவானேன்? காரணம், பெரும்பாலும் திரையிடும் வேகமே. மௌனப்படக் காலத்துப் படக்கருவி கையால் சுழற்றப்பட்டது. நொடிக்குச் சுமார் 16 சட்டகங்கள் பதிவாயின. 35 மி.மீ. சுருளின் ஓர் அடியில் 16 சட்டகங்கள் அடங்கும். எனவே நொடிக்கு ஓர் அடி ஓடும். பேசும்படத்துக்குரிய 24 சட்டக வேகத்தில் அதனை ஓட்டினால் அசைவு ஒன்றரை மடங்கு விரைவுறும். தள்ளாட்டம் துள்ளலாகிவிடும். கைச்சுழற்சி சீரானதன்று, ஆதலால் 16 என்பதும் தோராயமே. இச்சுருளைக் கொண்டு வீரரின் அடிவைப்பு வேகத்தைக் கணக்கிடுவது முறையாகாது.

இன்னொரு வரம்பும் உண்டு. அப்பத்து நிமிடங்களை முழுமையாகப் பதிய 600 அடிச் சுருள் வேண்டும். கிடைப்பவையோ சிறு துண்டுகள். முதலில் தொட்டவர் யார், எவ்விடத்தில் என்பவற்றை எழுத்துப் பதிவுகளிலேயே தேட வேண்டும். முடிவுக் கோட்டருகே அலுவலர்கள் அவரை ஒட்டி வந்ததை மட்டும் படம் ஐயமற உறுதிப்படுத்துகிறது.

பிம்பம் தானாக எவரையும் பெயர் சொல்லி அறிமுகப்படுத்துவதில்லை. எழுத்தாளர் ஆர்தர் கோனன் டாயிலே பியெத்ரியைத் தாங்கினார் என்ற கதை நெடுங்காலம் உலவியது. அவரோ டெய்லி மெயில் இதழுக்காகப் பார்வையாளர் பகுதியில் அமர்ந்திருந்தார். பியெத்ரியின் அருகிலிருந்தவர் மருத்துவர் மைக்கேல் பல்ஜர்.

தகுதி இழந்தவர் வென்றவரைவிடப் புகழ்பெற்றதில் நிழற்படங்களுக்கும் இச்சுருளுக்கும் பங்குண்டு என்பது என் கருத்து. அவ்வாண்டு நவம்பர் 25 அன்று நியூயார்க் மேடிசன் சதுக்கத் தோட்ட அரங்கில் இருவரும் தொழில்முறை வீரர்களாக மீண்டும் மோதினர். அப்போட்டியில் வென்றவர் பியெத்ரி.