தலைவரின் முகமும் ஓவியரின் தூரிகையும்

கண்முன் அமர்ந்திருப்பவரை உள்ளபடி வரைவதில் என்ன இடர்ப்பாடு என மாணவர்கள் வினவக்கூடும். வரையப்படுபவர் புகழ்பெற்ற அரசியல் தலைவராயின் இடர்ப்பாடு பெரிது. ஓவியர் தூரிகையை எடுக்கும் முன்பே அம்முகம் மக்கள் மனத்தில் எழுதப்பட்டுவிடுகிறது.

பிரித்தானியப் பிரதமர் வின்ஸ்டன் சர்ச்சிலை எடுத்துக்கொள்வோம். 1941 டிசம்பரில் ஒட்டாவாவில், அவர் வாயிலிருந்த சுருட்டைப் பறித்த மறுகணமே யூசுப் கார்ஷ் ஓர் ஒளிப்படம் எடுத்தார். அதில் பதிந்த சினமுகம் போர்க்கால உறுதியின் அடையாளமாக உலகெங்கும் பரவியது.

1954இல் சர்ச்சிலின் 80ஆம் பிறந்தநாளுக்காக, நாடாளுமன்ற ஈரவையினரும் அவரது உருவப்படத்தை வரையும் பணியைக் கிரஹாம் சதர்லாந்திடம் ஒப்படைத்தனர். ஊதியம் 1,000 கினி. சர்ச்சில் கார்ட்டர் விருதுக்குரிய அங்கியில் தோன்ற விரும்பினார். படத்தில் அமைந்ததோ நாடாளுமன்றத்திற்கு அவர் வழக்கமாக அணிந்துவரும் உடை. முந்தைய ஆண்டு பக்கவாதத்திற்கு ஆளாகியிருந்த முதியவர், நாற்காலியின் கைகளை இறுகப் பற்றி அமர்ந்திருக்கக் கண்டார் ஓவியர், கண்டதையே வரைந்தார்.

நவம்பர் 30 அன்று வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபத்தில் படத்தைப் பெற்ற சர்ச்சில், அது தற்காலக் கலைக்குக் குறிப்பிடத்தக்கதொரு சான்று என்றார். பாராட்டுப் போல ஒலித்த அச்சொல்லின் உட்பொருளை உணர்ந்து அவை நகைத்தது. பின்னர், துணைவியார் கிளெமண்டைனின் விருப்பப்படி அப்படம் அழிக்கப்பட்டது. 1977இல் அவர் மறைந்த பின்னரே அச்செய்தி வெளிவந்தது.

இங்குப் பிழை யாருடையது? தொல்காப்பியர் உவமைக்கு வினை, பயன், மெய், உரு என நான்கு அடிப்படைகளைக் கூறுகிறார். மெய் என்பது வடிவம். உரு என்பது நிறம். ஓவியருக்கு வாய்த்த கருவிகள் பின்னிரண்டு மட்டுமே. தலைவரின் புகழோ முன்னிரண்டில், அவர் ஆற்றிய வினையிலும் அதனால் விளைந்த பயனிலும் வாழ்கிறது. சதர்லாந்து வடிவத்தை நேர்மையுடன் தந்தார். சர்ச்சில் அதில் தம் வினையைத் தேடினார். ஒருவர் தந்ததும் மற்றவர் தேடியதும் வெவ்வேறு.

இன்று அப்படத்திற்கென வரையப்பட்ட முன்னோவியங்களே எஞ்சியுள்ளன. அவற்றுட் சில லண்டன் தேசிய உருவப்படக் கூடத்தில் உள்ளன. ஒரு முதியவரின் மனவருத்தம் தீர்க்கப்பட்டது. ஆயினும் ஒரு தலைமுறை தன் தலைவரை அருகிருந்து கண்ட காட்சியை நாம் இழந்தோம்.

ஆகவே, வகுப்பறையில் ஒரு தலைவரின் உருவப்படத்தைக் காட்டும் ஆசிரியர், 'இது அவரைப் போல் உள்ளதா?' என்பதோடு நில்லாமல், 'எந்த அவரைப் போல் உள்ளது?' என்றும் வினவுதல் நலம்.